குமுதா பூட்டிவைத்த கோப்பு

கிரிதரனை நான் ‘அவர்’ என்று எழுதப்போவதில்லை. அந்த மரியாதை அவனுக்கு ஒரு கேடா?

பிரிக்பீல்ட்ஸில் சாப்பாட்டுக் கடைக்கு மேல்மாடியில் அவனுடைய அலுவலகம். கணினி விளையாட்டு தயாரிக்கிறான். திறக்காத கோப்புகளை மீட்பது என் தொழில். பட்டப்பகல் இரண்டு மணிக்குத்தான் போனேன்.

“குமுதா செஞ்ச பேய் கேம் ஃபைல் எதுலயும் திறக்கல. கேம் மட்டும் எடுத்துக் கொடு. அவ குரல் வேணாம், அழிச்சிடு லா,” என்றான்.

அவனிடம் வேலை செய்த குமுதா போன மாதம் மோட்டார் சைக்கிள் ஓட்டும்போதே கண்ணயர்ந்து, லோரியில் மோதி இறந்தவள். அந்த விளையாட்டில் பேய்க்குக் குரல் கொடுத்ததும் அவள்தான். “ஒரு வார்த்தையாவது எடுத்துக் குடும்மா,” என்று மேரு ஊரிலிருந்து அவள் அம்மா தங்கமணி, நான் இந்த வேலைக்குப் போவது தெரிந்து, காலையில்தான் போனில் அழுதார். அதைப் போய் அழிக்கச் சொல்கிறான்!

மூலத்தைத் தொடாமல் நகல் எடுத்து என் லேப்டாப்பில் பார்த்தேன். கோப்பு கெடவே இல்லை. அதன் தொடக்கத்தில் இருக்கும் அடையாள எழுத்துகளை மாற்றி, எந்த மென்பொருளும் திறக்க முடியாதபடி குமுதாவே பூட்டியிருந்தாள். எழுத்துகளைச் சரிசெய்தேன்.

திறந்தது.

ஏர்கோன் குளிரிலும் திடீரென்று பெட்ரோல் வாடை. மழையில் நனைந்த தார் ரோட்டு வாடை.

ஒலிப்பதிவைத் தட்டினேன். முதலில் பேய்ச் சிரிப்பு. பிறகு, மைக்கை நிறுத்தாமலே பேசிய சாதாரணக் குரல்.

“பாஸ், ரெண்டு நாளா தூங்கல. வீட்டுக்குப் போறேன்.”

“முடிச்சிட்டுப் போ.” அது கிரிதரன்.

பெற்றவளிடம் இந்தப் பாவி என்ன சொன்னான் தெரியுமா? குமுதா தினமும் ஐந்து மணிக்கே கிளம்பிவிடுவாளாம். ஊர் சுற்றித்தான் செத்தாளாம்!

அவள் இறந்த நாளின் பதினெட்டு விநாடிப் பதிவு. உடனே தங்கமணி ஆன்டிக்கு அனுப்பினேன். திரும்பினால் பின்னால் கிரிதரன்.

“யாரைக் கேட்டு அனுப்பின?”

“உங்களை எதுக்குக் கேக்கணும்? பொண்ணைக் கொன்னுட்டுப் பொய் வேற! வெக்கமா இல்ல?”

என்னை வெளியே தள்ளிக் கதவைப் பூட்டிக்கொண்டான். லேப்டாப் என் கையில்தான் இருந்தது. அவன் கணினியும் அணைந்திருந்தது.

ஆனாலும் உள்ளே பேச்சுக் கேட்டது.

“பாஸ்…”

குமுதாவின் குரல். கதவுக்கு மிக அருகில்.

படிக்கட்டில் நான் இறங்கவில்லை, விழுந்தடித்து ஓடினேன்.

மாலையில் வேலைக்காரர்கள் கதவை உடைத்தார்கள். சாவி உள்பக்கம் பூட்டிலேயே தொங்கியது. கார் கீழே நின்றது. கிரிதரன் மட்டும் இல்லை. மூன்று நாளாகப் போலீஸ் தேடுகிறது.

இன்று மத்தியானம் தங்கமணி ஆன்டி கூப்பிட்டார்.

“நீ அனுப்பினதைக் காலையில மறுபடி போட்டேன்மா. என் பொண்ணு பேசி முடிச்சதும் ஒரு ஆம்பள அழ ஆரம்பிச்சான். கதவைத் தட்டுறான், தண்ணி கேக்குறான். இன்னும் ஓடிக்கிட்டே இருக்கு. பயமா இருக்கு, நிறுத்திடட்டுமா?”

போனுக்குள், தூரத்தில், அவன் கதறுவது எனக்கும் கேட்டது.

“நிறுத்தாதீங்க, ஆன்டி,” என்றேன்.