அந்த்ரோமெடா மாஸ்டரின் தேத்தண்ணி

“எங்கட வீட்ல பேய் ஒண்டு ஈக்கி, மிஸ். பிரச்சினை அது இல்ல. அது நான் எழுதின பேய்.”

இதைச் சொன்னவர் கதிரையில் உட்கார்ந்தார். உடனே எழுந்தார். ஜன்னல் வரை போய், கீழே கண்டி நகரத்து வாகன நெரிசலைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்து, இந்த முறை கதிரையின் கைப்பிடியில் உட்கார்ந்தார்.

மங்களேஸ்வரி தன் தேநீரை ஆற்றிக்கொண்டே அவரைப் பார்த்தார். மாவட்ட அரசாங்க அலுவலகமான கச்சேரியில் முப்பது வருடம் வேலை செய்து ஓய்வு பெற்றவர். யாழ்ப்பாணத்தில் பிறந்து கண்டி அஸ்கிரியவில் வீடு கட்டியவர். அக்கம்பக்கத்தில் தொலைந்த நகை முதல் தொலைந்த மருமகன் வரை கண்டுபிடித்துக் கொடுத்ததில் அவருக்கு ஒரு பெயர் உண்டு.

“ஆறுதலா இருங்கோ தம்பி. முதல்ல உங்கட பேரைச் சொல்லுங்கோ.”

“ஃபாஸில். கட்டுகஸ்தோட்டைல மூக்குக் கண்ணாடிக் கடை.”

மேல்மாடி அறையில் வாடகைக்கு இருக்கும் மோகனராஜ் துள்ளி எழுந்தான். கலஹா ஊர்க்காரன், பகலில் இன்சூரன்ஸ் காப்புறுதி விற்பான், மீதி நேரத்தில் மங்களேஸ்வரிக்கு வலது கை என்று தானே சொல்லிக்கொள்வான். “சார், ‘ஜின்னுக்கு ஜலதோஷம்’ எழுதுன ஃபாஸில் நீங்கதானுங்களா? ‘செவ்வாய்க் கிரகத்துக் கொத்து ரொட்டி’யும் நீங்கதானே?”

“அப்ப அந்த ஒரு பிரதிய வாங்கின ஆள் நீங்கதான்,” என்றார் ஃபாஸில் சோகமாக. “ரெண்டு வருஷமாத் தேடிட்டிருந்தேன்.”

ஃபாஸில் எழுதுவது விசித்திரமான சரக்கு. பயமுறுத்துவார், சிரிக்க வைப்பார், நடுவில் ஒரு விண்கலத்தையும் இறக்குவார். வாசகர் எந்த இடத்தில் அலற வேண்டும், எந்த இடத்தில் சிரிக்க வேண்டும் என்று தெரியாமல் இரண்டையும் சேர்த்துச் செய்து வீட்டாரிடம் ஏச்சு வாங்குவார். புதிய நாவலில், அந்த்ரோமெடா மண்டலத்தில் செத்துப்போன ஒரு வாத்தியாரின் ஆவி, குளிர் தேடிப் கோடானுகோடி மைல் பயணம் செய்து, கட்டுகஸ்தோட்டையில் ஒரு வீட்டு ஃப்ரிட்ஜுக்குள் குடியேறுகிறது. பெயர் அந்த்ரோமெடா மாஸ்டர்.

“பதிப்பாளர் பஹீம் படிச்சிட்டு சென்னான், ‘மச்சான், பேய்னா பேய், பகிடின்னா பகிடி. பிரியாணிக்குள்ள ஃபலூடா ஊத்தாத. அந்த மாஸ்டரத் தூக்கு, சுத்தமான திகில் நாவல் ஆகும்’ எண்டு. நானும் தூக்கிட்டேன். மாஸ்டர் வார பக்கம் எல்லாத்தையும் வெட்டி, பெட்டில போட்டு, அலுமாரிக்கு மேல வெச்சிட்டேன். அண்டைக்கு ராவு சாப்பாட்டு மேசைல எல்லார்கிட்டயும் சென்னேன். அடுத்த நாள் தொடங்கிச்சு.”

“என்ன தொடங்கினது?”

“வாசல்ல செருப்பெல்லாம் சின்னதுல இருந்து பெருசு வரைக்கும் வரிசையா நிக்கி. பள்ளிக்கூடத்துல காலைக் கூட்டம் மாதிரி. நாவல்ல மாஸ்டர் செய்ற வேலை. பிறகு குளியலறைக் கண்ணாடில சுடுதண்ணி ஆவி படிஞ்சா எழுத்து வருது: ‘கதவைச் சாத்து, குளிர் போகுது.’ அதுவும் மாஸ்டர்ட வசனம். பின்னேரம் அஸர் தொழுகைக்கு முந்தி வைஃப் ஷஹ்மா எண்ட மேசைல தேத்தண்ணி வெப்பா. நான் பள்ளிவாசலுக்குப் போய்ட்டு வந்தா கோப்பை காலி. கவுத்து வெச்சீக்கி. அதுவும்—”

மோகனராஜிடமிருந்து ஒரு சத்தம் வந்தது. இருமல் போல் மாற்றப் பார்த்தான், முடியவில்லை.

“சிரிக்காதீங்க! ஷஹ்மாக்கு ஏழு மாசம். ராவெல்லாம் ஓதிட்டு முழிச்சிட்டு ஈக்கிறா. இண்டைக்கு அந்தி மஃரிப் தொழுகைக்கு முந்தி வேன் வருது, அக்குறணைக்கு உம்மா வீட்டுக்குப் போறா. நான் எழுதுற வரைக்கும் வரமாட்டாளாம்.” ஃபாஸில் மறுபடி எழுந்து நின்றார். “பின்னேரம் எல்லாத்தையும் அழிச்சிடுவேன், மிஸ். கம்ப்யூட்டர்ல இருக்கிறது, பெட்டில இருக்கிறது, மண்டைல இருக்கிறது. கண்ணாடி மட்டும் விக்கலாம். கண்ணாடி போட்டவங்க ஆரும் என்னப் பாத்து ஓடினதில்ல.”

மங்களேஸ்வரி கோப்பையை வைத்தார். “வீட்டில ஆர் ஆர்?”

“நான், வைஃப், வாப்பா. வாப்பாவ விடுங்க. முதல் நாவல்ல முதல் பக்கத்தத் தொட்டுட்டு, கை கழுவினவர். அதோட திங்களும் வியாழனும் நோன்பு. வருஷக்கணக்கா ஒரு நாள் விட்டதில்ல. சீனி வருத்தம், நீரிழிவு, ஈக்கி, டொக்டர் வேணாம்னு சென்னாலும் கேக்கிறதில்ல. அந்த நாள்லயும் கோப்பை காலியாத்தானே ஈக்கி? நோன்பில எச்சிலையே விழுங்க யோசிக்கிற மனுஷன்.”

“பஹீம்?”

“பக்கத்துத் தெரு. எந்நேரமும் வந்து போவான்.”

மோகனராஜின் கண்கள் பளிச்சிட்டன. மங்களேஸ்வரி குடையை எடுத்தார்.

*

திரீவீலர் மகாவலிப் பாலத்தில் சிக்கி நின்றது. பின்னால் பஸ் ஒன்று விடாமல் ஹோன் அடித்தது. ஃபாஸில் தலையை வெளியே நீட்டுவதும் உள்ளே இழுப்பதுமாக இருந்தார்.

மோகனராஜ் மங்களேஸ்வரியின் காதருகே குனிந்தான். “அம்மா, கேஸு முடிஞ்சிருச்சு. பஹீம்தான். ‘உண்மையாவே பேய் நடமாடுன வீட்டுல எழுதுன நாவல்’னு விளம்பரம் போட்டா சும்மா பறக்குமில்லீங்களா?”

“தம்பி ஃபாஸில், அஸர் நேரம் பஹீம் எங்க?”

“எனக்குப் பக்கத்துல. ஒரே ஸஃப்ல, ஒரே வரிசைல தொழுவோம். பிறகு வாசல்ல நிண்டு கதைப்போம். அவன் தொடங்கினா நிப்பாட்ட ஏலா.”

மோகனராஜ் பையிலிருந்த டால்கம் பவுடர் டப்பாவைத் தடவிக்கொண்டான். தரையில் தூவிக் காலடித் தடம் எடுக்க என்று வழியில் வாங்கியது. அதை விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை.

வீடு கடைக்குப் பின்னால் இருந்தது. அவர்கள் போய்ச் சேரும்போது அஸர் முடிந்து சிறிது நேரம் ஆகியிருந்தது. நடு அறையில், முழங்கால் வலியால் கதிரையில் இருந்தபடியே தொழுகையை முடித்திருந்த ஃபாஸிலின் தந்தை ஸெய்னுலாப்தீன் தஸ்பீஹ் மணிகளை உருட்டிக்கொண்டிருந்தார். வெள்ளைத் தாடி, இரும்பு முகம். பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் படிப்பித்தவர் என்று யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. மோகனராஜ் உள்ளே வந்த வேகத்தில் செருப்பு ஒன்று இந்தப் பக்கமும் மற்றது அந்தப் பக்கமும் போனது.

“மகன்,” என்றார் பெரியவர். “செருப்பச் சோடியா வெச்சிட்டு வாங்க.”

மோகனராஜ் ஐந்தாம் வகுப்புக்குத் திரும்பியவன் போல் ஓடிப்போய் வைத்தான்.

எழுத்து அறையில் ஷஹ்மா நின்றிருந்தாள். கண்ணுக்குக் கீழே கருவளையம். கட்டிலில் பாதி அடுக்கிய பயணப் பை. மேசையில் கோப்பை கவிழ்ந்திருந்தது. “இண்டைக்கும்,” என்றாள். “நான் உள்ளுக்குத் தொழுதுட்டு வார இடைல. இவர் இல்லாட்டியும் வழக்கத்துக்கு வெச்சேன், மிஸ்.”

மங்களேஸ்வரி கோப்பையைத் தூக்கி முகர்ந்தார். “சீனி போட்டதோ?”

“மூணு கரண்டி. இவருக்கு அப்படித்தான் வேணும். வீட்ல சீனி போத்தல நான் பூட்டித்தான் வெப்பேன். மாமாக்கு எட்டாம.”

அலுமாரியின் மேல் பெட்டி இருந்தது. மற்றச் சாமானில் எல்லாம் தூசி. பெட்டி மூடியில் மட்டும் இல்லை. ஜன்னலோரம் அந்தூரியம் பூச்சாடி. மங்களேஸ்வரி அதன் முன் குனிந்து வெகுநேரம் நின்றார். மண்ணில் தேயிலைத் தூள். அதன் மேல் எறும்புகள் திருவிழாக் கூட்டம் போல.

“இது எப்ப இருந்து பிள்ளை?”

“அத ஏன் கேக்கிறீங்க? போன வெள்ளிக்கிழமை காலைல பார்த்தா ஒரே எறும்பு. மண்ண மாத்தி வெச்சேன். சனி, ஞாயிறு, நேத்துக் காலைல, ஒண்டும் இல்ல. இண்டைக்குச் செவ்வாய், காலைல பார்த்தா திரும்ப வந்தீக்கி. முந்தின கிழமையும் இப்படித்தான்.”

“நீங்கள் இப்ப நோன்பு பிடிக்கிறேல்லைத்தானே?”

“இந்த நிலைமைலயா? டொக்டர் கொன்னுபோட்டுடுவார்.”

அடுத்த அறையில் பெரும் தும்மல் கேட்டது. மோகனராஜ் பவுடரைத் தூவியிருந்தான். பெரும்பகுதி அவன் மூக்கில்.

வெளியே வேன் வந்து நின்று ஹோன் அடித்தது. ஃபாஸில் கம்ப்யூட்டரைத் திறந்து, நாவல் இருந்த கோப்பைத் தெரிவு செய்து, அழிக்கும் பொத்தானின் மேல் விரலை வைத்தார்.

“பொறுங்கோ,” என்றார் மங்களேஸ்வரி. “பஹீமையும் கூப்பிடுங்கோ. எல்லாரும் நடு அறைக்கு வாங்கோ.”

*

பஹீம் மூச்சு வாங்க ஓடி வந்து சுவரோரம் நின்றார். ஷஹ்மா பையை மடியில் வைத்திருந்தாள். ஸெய்னுலாப்தீன் தஸ்பீஹை நிறுத்தவில்லை.

“முதல்ல ஒரு விஷயம்,” என்றார் மங்களேஸ்வரி. “தம்பி, உங்கட நாவல்ல பயங்கரமான இடங்கள் இருக்கோ?”

“ஈக்கி. ரத்தம் வார குழாய், தலைகீழாத் தொங்கிற பொம்பள.”

“அதில ஒண்டாவது இந்த வீட்டில நடந்ததோ?”

ஃபாஸில் யோசித்தார். “...இல்ல.”

“இல்லை. செருப்பு, தேத்தண்ணி, கண்ணாடி. எல்லாம் பகிடி. நீங்கள் பயந்துகொண்டு சொன்னியள், மோகனராஜ் சிரிப்பை அடக்கேலாமல் தவிச்சான். ஆக்களைப் பயமுறுத்த வந்த பேய் பகிடியை ஏன் தெரிவு செய்யுது? நீங்கள் வெட்டின பக்கங்களை மட்டும் ஏன் நடிச்சுக் காட்டுது? இது உங்களை எழுத விடாமல் பண்ண வந்த பேய் இல்லைத் தம்பி. வெட்டினதைத் திருப்பிக் கேக்க வந்த பேய்.”

“அப்ப நான் இல்ல,” என்றார் பஹீம் அவசரமாக. “வெட்டச் சென்னதே நான்.”

“ஓம். நீங்கள் அஸர் நேரம் பள்ளிவாசலில. ஷஹ்மாப் பிள்ளை செய்திருக்கலாம். ஆனா பூச்சாடி அதை ஒத்துக்கொள்ளேல்லை. இந்தப் பேய் மற்ற நாளில தேத்தண்ணியைக் குடிக்குது. வியாழனும் திங்களும் மட்டும் பூச்சாடிக்குள்ள ஊத்துது. வெள்ளியும் செவ்வாயும் விடிய எறும்பு வருது. கச்சேரியில என்ர பக்கத்துக் கதிரையில ஸுலைஹா எண்டு ஒரு பிள்ளை இருந்தவ. திங்களும் வியாழனும் தேத்தண்ணி வந்தால் கோப்பையை என்ர பக்கம் தள்ளி விடுவா. முப்பது வருஷம் ரெண்டு கோப்பை குடிச்சவள் நான்.”

அறையில் தஸ்பீஹ் மணிகளின் சத்தம் நின்றிருந்தது.

“அந்த ரெண்டு நாளும் குடிக்காமல் விட்டிருக்கலாம். விட்டால், பேய்க்கும் திங்கள் வியாழன் நோன்போ எண்டு நீங்கள் கேப்பியள். ஆனபடியால் கோப்பை காலியாக வேணும், ஒரு சொட்டும் வாய்க்குள்ள போகவும் கூடாது. தம்பி, நீங்கள் இவர் இல்லை எண்டதுக்குச் சொன்ன காரணமே இவர்தான் எண்டதுக்குக் காரணம்.”

“வாப்பா?” என்றார் ஃபாஸில். அவர் குரல் ஒரு சிறுவனுடையது போல் ஒலித்தது.

ஸெய்னுலாப்தீன் கூரையைப் பார்த்தார். பிறகு தன் முழங்காலை. “பெட்டில எலி ஈக்கான்னு பாக்கத்தான் எடுத்தேன்.”

“கண்ணாடில எழுதினது?”

“சவர்க்காரம். சவர்க்காரம் பூசின இடத்துல நீராவி ஒட்டாது. எட்டாம் வகுப்புல உனக்குப் படிப்பிச்சேன். உனக்கு எங்க ஞாபகம்!”

“ஏன் வாப்பா?”

வேன் மறுபடி ஹோன் அடித்தது, யாரும் அசையவில்லை.

“அந்த மாஸ்டர் செருப்ப அடுக்கிறார். ஃப்ரிட்ஜ் கதவுக்கு ஏசுறார். ஆரப் பார்த்தாலும் பிழை திருத்துறார். வாசிச்ச உடனே தெரிஞ்சிச்சு ஆர் எண்டு.” பெரியவர் தஸ்பீஹைக் கீழே வைத்தார். “நான் சிரிச்சேன்டா. தனியா இருந்து, வாயப் பொத்திட்டுச் சிரிச்சேன். இவ்வளவு கவனிச்சீக்கானே எண்டு. அண்டைக்கு ராவு சோத்துக்கு முன்னால நீ சென்ன, ‘மாஸ்டரத் தூக்கிட்டேன், அவர் இல்லாம நாவல் நல்லா ஈக்கி’ எண்டு.”

ஃபாஸில் முதல் முறையாக அன்றைக்குக் கதிரையில் முழுதாக உட்கார்ந்தார்.

“நேராச் செல்லியிருக்கலாமே, மாமா?” என்றாள் ஷஹ்மா. கோபத்துக்கும் அழுகைக்கும் இடையில் அவள் முகம் தடுமாறியது. “பேய் போகணும்னு நான் ராவெல்லாம் ஆயத்துல் குர்ஸி ஓதினேன்!”

“நல்ல விஷயம்தானே,” என்ற பெரியவர், அவள் பார்வையைக் கண்டதும் தலையைக் குனிந்தார். “பிழைதான் மகள். நீங்க இப்படிப் பயப்படுவீங்கன்னு நான் நினைக்கல்ல. மாப்புச் செய்ங்க. போகாதீங்க.”

ஷஹ்மா அவரை உற்றுப் பார்த்தாள். பிறகு அவள் முகம் மாறியது. “இருங்க. மற்ற அஞ்சு நாளும் மூணு கரண்டி சீனி போட்ட தேத்தண்ணியக் குடிச்சது நீங்களா?”

விஞ்ஞான ஆசிரியர் ஜன்னல் பக்கம் திரும்பினார். “இந்த வீட்ல பேய்க்கு மட்டும்தான் சீனி கிடைக்கி,” என்று முணுமுணுத்தார்.

முதலில் சிரித்தது மோகனராஜ்தான்; மூக்கில் பவுடரோடு. ஷஹ்மா பையைக் கீழே வைத்துவிட்டு வாசலுக்குப் போய் வேன்காரரிடம் ஏதோ சொன்னாள். வேன் போகும் சத்தம் கேட்டது. வரும் வழியில் சமையலறையில் நுழைந்து, ஃப்ரிட்ஜைத் திறந்து, சத்தமாகக் கேட்டாள்: “எல்லாருக்கும் ஃபலூடா போடவா? மாமாக்கு வெறும் தண்ணி.”

பஹீம் தலையைச் சொறிந்தார். “அப்ப மாஸ்டரத் திரும்ப வைக்கணுமா? அட்டைல என்னன்னு போடுறது மச்சான்? திகிலா, பகிடியா, விஞ்ஞானமா?”

“இன்னொரு பிழையும் ஈக்கி,” என்றார் ஸெய்னுலாப்தீன், மகனைப் பார்க்காமல். “ஏழாம் அத்தியாயம். ‘மூவாயிரம் ஒளியாண்டு காலமாய்க் காத்திருந்தேன்’ எண்டு மாஸ்டர் செல்றார். ஒளியாண்டு தூரம்டா. காலம் இல்ல. வேற ஆரும் செல்லலாம், மாஸ்டர் அப்படிச் செல்லமாட்டார்.”

ஃபாஸில் எழுந்து எழுத்து அறைக்குப் போனார். அலுமாரிக்கு மேலிருந்து பெட்டி இறங்கும் சத்தம் கேட்டது. விசைப்பலகை தட்டும் சத்தம் தொடங்கியது. முதலில் தயங்கி, பிறகு விடாமல்.

சமையலறையில் ஷஹ்மா கிளாஸ்களைத் தேடிக்கொண்டிருந்தாள். ஃப்ரிட்ஜ் திறந்தபடியே நின்றது. நடு அறையில் பெரியவர் நெளிந்தார். தாடியைத் தடவினார். தஸ்பீஹை எடுத்தார், வைத்தார். எவ்வளவோ அடக்கிப் பார்த்தார்.

“கதவைச் சாத்து,” என்றார் கடைசியில், “குளிர் போகுது.”

எழுத்து அறையில் தட்டும் சத்தம் ஒரு கணம் நின்றது. “செல்லுங்க வாப்பா, எழுதுறேன்,” என்று குரல் வந்தது. “அதுக்குப் பிறகு?”