பன்னிரண்டு மணிப் பீரங்கி

"வீல்...!"

அலறல் மாடி பஸ்ஸின் மேல்தளத்திலிருந்து வந்தது.

கீழே வாசலில் நின்று, புதிதாக ஏறிய கப்பல் பயணிகளுக்கு மஞ்சள் மழைக்கோட்டு கொடுத்துக்கொண்டிருந்தான் வழிகாட்டி லோர்ன் ராஃப்யூஸ். கையிலிருந்ததை அப்படியே போட்டான். கம்பெனி கட்டச் சொன்ன கட்டம்போட்ட ஸ்காட்லாந்துப் பாவாடையை ஒரு கையால் பிடித்துக்கொண்டு படிகளில் தாவினான்.

மேலே, கனடாவின் ஹாலிஃபாக்ஸ் துறைமுகத்து மூடுபனி. கூரையில்லாத தளம் முழுக்க ஈரம். கடைசி வரிசையருகே ஒரு அம்மாள் நடுங்கிக்கொண்டிருந்தாள்.

"பக்கத்து சீட் காலியான்னு கேட்டேன்... பதிலே இல்ல... தோளைத் தொட்டேன்... அப்படியே சாஞ்சுட்டாரு!"

சாய்ந்து கிடந்தவர் மர்ரே கார்க்கம்.

பஸ் கம்பெனியின் முதலாளி!

வாரத்தில் ஒருநாள் சொல்லாமல் கொள்ளாமல் வந்து ஏறுவார். கடைசி வரிசை மூலையில், மழைக்கோட்டின் தொப்பியை மூக்கு வரை இழுத்து விட்டுக்கொண்டு உட்கார்ந்துவிடுவார். ஊர் சுற்றி முடிகிறவரை ஒரு வார்த்தை பேச மாட்டார். எந்த வழிகாட்டி ஒழுங்காகப் பேசுகிறான், எவன் சீட்டைக் கிழிக்கலாம் என்று பார்க்கத்தான் அந்த மௌன விரதம்.

இன்று அது நிரந்தர விரதமாகியிருந்தது!

மஞ்சள் கோட்டை விலக்கிப் பார்த்தான் லோர்ன். இடது விலாவில் ஒரு கத்தியின் பிடி துருத்திக்கொண்டு நின்றது. பிடியில் நீல நிற டேப்.

லோர்ன் சட்டென்று கையை இழுத்துக்கொண்டான்.

அந்த டேப்பைச் சுற்றியதே அவன்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் அவன் கானாங்கெளுத்தி அறுக்கிற கத்தி அது...!

*

மறுநாள் முற்பகல். கோட்டை மலையின் அடிவாரத்தில் போலீஸ் ஸ்டேஷன்.

"வக்கீல் வேணுமா தம்பி?" என்றார் சார்ஜென்ட் கில்லிஸ்.

"தப்பு செஞ்சவனுக்குத்தான் சார் வக்கீல்."

"இதே டயலாக்கைச் சொன்னவனெல்லாம் இப்ப உள்ளதான் இருக்கான்."

கில்லிஸ் இந்த ஊரிலேயே பிறந்து, இந்த ஊரிலேயே தொப்பை வைத்தவர். பக்கத்தில் காகிதக் கோப்பைக் காப்பியோடு உட்கார்ந்திருந்தாள் கான்ஸ்டபிள் ஒக்சானா. தூரத்து வின்னிபெக்கிலிருந்து மாற்றலாகி வந்து இன்னும் பெட்டியைக்கூடப் பிரிக்காதவள்.

"ஒக்சானா, காப்பிக்கு மூடி போட்டுக்க. நேத்து மாதிரி சட்டையெல்லாம் கொட்டிக்காதே."

"சார்... ப்ளீஸ் சார்."

"கேளு தம்பி. தினமும் மத்தியானம் பன்னிரண்டு மணிக்குக் கோட்டையில பீரங்கி வெடிக்கிறப்ப இந்தப் பொண்ணு தவளை மாதிரி எகிறுது. ஸ்டேஷனே சிரிக்குது!"

லோர்ன் சிரிக்கவில்லை. சிரிக்கிற நிலைமையா அவனுக்கு?

கில்லிஸ் குரலை மாற்றினார்.

"கத்தி உன்னோடது."

"ஆமா சார். வீட்டுச் சமையலறை டிராயர்ல இருக்கும். இங்க எப்படி வந்துச்சுன்னு சத்தியமா தெரியல."

"கார்க்கமோட பர்ஸ் அப்படியே இருக்கு. சங்கிலிக் கடிகாரம் கோட்டுப் பைக்குள்ள பத்திரமா இருக்கு. திருட்டு இல்ல. சரி, உனக்கும் அந்தாளுக்கும் என்ன தகராறு?"

லோர்ன் தலையைக் குனிந்தான். ஊருக்கே தெரிந்த விஷயத்தைத் தன் வாயால் சொல்வது செத்துப் பிழைப்பது மாதிரி.

"என் பொண்டாட்டி டார்லீனுக்கும் அவருக்கும்... ஒரு வருஷமா..."

"ம்."

"போன மாசம் தெரிய வந்துச்சு. 'கொன்னுடுவேன்டா உன்னை'ன்னு பஸ் ஷெட்டுல அவரைப் பாத்துக் கத்தினேன். கோபம் சார். அப்புறம் டார்லீன் அழுதா. கால்ல விழாத குறை. மன்னிச்சுட்டேன்."

"மன்னிச்சுட்டு அவன்கிட்டயே வேலைக்கும் போனே?"

"இந்த ஊர்ல பாவாடை கட்டிக்கிட்டு ஜோக் சொல்றவனுக்கு வேற யாரு சார் வேலை கொடுப்பா?"

ஒக்சானா பேனாவை வைத்துவிட்டு அவனைப் பார்த்தாள். பாவம் என்று நினைத்தாளோ என்னவோ, குரல் இறங்கியது.

"நேத்து நடந்ததை மறுபடி சொல்லுங்க."

"துறைமுக ஸ்டாப்புல டார்லீன் ஏறினா மேடம். எனக்கு மத்தியானச் சாப்பாடு கொண்டாந்திருந்தா. 'நான் அவர்கிட்ட பேசுறேன், உன் வேலைக்கு ஆபத்து வராமப் பாத்துக்கறேன்'னு சொல்லிட்டு மேல போய் அவரு பக்கத்துல உக்காந்தா."

"நீங்க பாத்துக்கிட்டு இருந்தீங்களா?"

"எப்படி மேடம் பாப்பேன்? ரெண்டு பேரும் ஒண்ணா உக்காந்திருக்கிற பக்கம் தலையைத் திருப்பவே பிடிக்கல. கீழே போய் டிக்கெட் பாத்துக்கிட்டு இருந்தேன். பூங்கா ஸ்டாப்புல அவ இறங்கினா. 'பேசிட்டேன். யோசிச்சுச் சொல்றேன்னாரு. நீ போய்த் தொந்தரவு பண்ணாதே. பீரங்கி வீடியோவை மட்டும் நல்லா எடு, அவரும் தெரியிற மாதிரி'ன்னா. கன்னத்துல ஒரு முத்தம் கொடுத்துட்டுப் போனா."

சொல்லும்போதே லோர்னின் முகம் கொஞ்சம் மலர்ந்தது. முட்டாள்!

"அந்த வீடியோதான் தம்பி உனக்கு எமன்," என்றார் கில்லிஸ். மேஜை மேலிருந்த கம்ப்யூட்டரைத் திருப்பினார்.

திரையில் மஞ்சள் கோட்டுகள். கோட்டைக்குக் கீழே நின்ற பஸ். லோர்னின் உற்சாகக் குரல்: "ஒரே டிக்கெட்! எங்க வேணா ஏறலாம், எங்க வேணா இறங்கலாம்! இப்ப எல்லாரும் மலையைப் பாருங்க..."

டமார்!

முன்வரிசையில் அமெரிக்க ஓஹையோ மாநிலத் தம்பதி இருக்கையிலிருந்து ஒரு முழம் எகிறினார்கள். நடுவில் ஒரு பெண் தோழியின் மடியில் விழுந்தாள். வெளியூர்க்காரர்கள் இப்படிக் குதிப்பதைப் படமெடுத்துக் கம்பெனியின் இணையப் பக்கத்தில் போடுவது வழிகாட்டியின் அன்றாட வேலை. கடைசி வரிசையில், மூலையில் சாய்ந்து, அசையாமல் உட்கார்ந்திருந்தார் மர்ரே கார்க்கம்.

"பன்னிரண்டு மணிக்கு மனுஷன் ஜம்முனு உக்காந்திருக்காரு. அங்கேயே மத்தவங்க எல்லாரும் கோட்டையைப் பாக்க இறங்கிட்டாங்க. மூடுபனியில புதுசா ஒருத்தரும் மேல ஏறல. அங்கிருந்து துறைமுகம் வர்ற வரைக்கும் மேல்தளத்துல யாரு?"

லோர்ன் திரையையே பார்த்தான்.

"நானும் அவரும் மட்டும்தான் சார்."

"வந்து சேர்ந்தப்ப அவரு பிணம். மிச்சம் யாரு?"

கில்லிஸ் பேனாவால் அவனையே சுட்டினார்.

"அந்த நேரத்துல மேல என்ன பண்ணிக்கிட்டு இருந்தே?"

"ஊரைப் பத்திப் பேசிக்கிட்டு வந்தேன் சார். ஒரே ஒருத்தர் இருந்தாலும் பேசணும், அதுதான் கம்பெனி சட்டம். எல்லா ஜோக்கும் சொன்னேன். ஒண்ணுக்கும் அவரு சிரிக்கல. சரி, வேலை போச்சுன்னு நெனச்சேன்."

"உன் பொண்டாட்டி மேல சந்தேகம் இருக்கா?"

லோர்ன் நாற்காலியை விட்டு எழுந்தே விட்டான்.

"அவளை இழுக்காதீங்க சார்! அவ பூங்காவுல இறங்கினதுக்கு அப்புறம்தானே பீரங்கி? அப்ப அவரு உயிரோட இருக்காரே, நீங்களே வீடியோவுல பாத்தீங்களே!"

"உக்காரு... உக்காரு. நானும் அதைத்தான் சொல்றேன்."

தன் கழுத்துக்குத் தானே சுருக்குப் போட்டுக்கொண்ட மகிழ்ச்சியில் லோர்ன் உட்கார்ந்தான். டார்லீனுக்காவது ஒன்றும் ஆகாது. அது போதும் அவனுக்கு.

கில்லிஸ் கைது ஆணையை எடுத்தார். பேனா மூடியைத் திறந்தார்.

டமார்...!

மலைமேல் பீரங்கி வெடித்தது.

"ஐயோ!" என்று எகிறினாள் ஒக்சானா. மூடியையும் மீறிக் காப்பி கைது ஆணையில் கொட்டியது.

"போச்சுடா! சொன்னேனா இல்லையா?" கில்லிஸ் விழுந்து விழுந்து சிரித்தார்.

ஒக்சானா சிரிக்கவில்லை. எதிரே இருந்த இரண்டு ஆண்களையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"சார்... நீங்க ரெண்டு பேரும் குதிக்கல."

"நாங்க ஏம்மா குதிக்கிறோம்? தொட்டில்லேர்ந்து கேக்குற சத்தம்."

"குதிக்கல. ஆனா ரெண்டு பேருமே மணிக்கட்டைத் திருப்பிக் கடிகாரம் பாத்தீங்க!"

கில்லிஸின் சிரிப்பு பாதியில் நின்றது. குனிந்தார். இடது கை இன்னும் திரும்பியபடியே இருந்தது. லோர்னின் கையும் அப்படித்தான்.

"அது... பழக்கம். மணி சரியா இருக்கான்னு..."

"லோர்ன்! உங்க முதலாளி பீரங்கி சத்தம் கேட்டா என்ன செய்வாரு?"

லோர்ன் கண்ணை மூடிக்கொண்டு யோசித்தான்.

"சங்கிலிக் கடிகாரத்தை எடுப்பாரு மேடம். பஸ் நேரத்துக்கு மலையடிக்கு வந்துச்சான்னு பாப்பாரு. எப்பவும் எடுப்பாரு. அதுக்குத்தானே அவரு அந்தக் கடிகாரமே வச்சிருக்காரு... அந்த நேரத்துல முன்னாடி நின்னு நான் அவரு கையைத்தான் பயந்து பயந்து பாப்பேன். நேத்து மட்டும்..."

நிறுத்தினான்.

ஒக்சானா வீடியோவைத் திரும்ப ஓடவிட்டாள்.

டமார்! ஓஹையோ எகிறியது. தோழி மடியில் தோழி விழுந்தாள்.

மூலையில் மஞ்சள் கோட்டுக்குள் ஒரு விரல்கூட அசையவில்லை.

"நான் பாத்த முதல் தடவையே கேட்டிருக்கணும் சார். 'இந்தாளு ஏன் குதிக்கல?'ன்னு. உள்ளூர்க்காரர், குதிக்கமாட்டார்னு நீங்க எல்லாரும் சொன்னீங்க. நானும் விட்டுட்டேன். உள்ளூர்க்காரர்னா குதிக்கமாட்டாரு சரி. செத்தவரும் குதிக்கமாட்டாரே!"

கில்லிஸ் பேனாவை மூடி வைத்தார்.

லோர்னின் முகம் மெல்ல மெல்ல வெளுத்தது. அப்படியானால்... கோட்டையிலிருந்து துறைமுகம் வரை அவன் சொன்ன ஜோக்கெல்லாம் ஒரு பிணத்துக்கு. வேலையைக் காப்பாற்றிக்கொள்ள ஒரு பிணத்தைச் சிரிக்கவைக்கப் பார்த்திருக்கிறான்!

அப்படியானால், பீரங்கிக்கு முன்னால்...

சமையலறை டிராயர்... பூங்கா ஸ்டாப்... 'தொந்தரவு பண்ணாதே'... 'அவரும் தெரியிற மாதிரி எடு'... கன்னத்தில் அந்த முத்தம்!

கையால் கன்னத்தை அழுத்தித் துடைத்தான்.

"சொல்லணுமா வேண்டாமான்னு தெரியல," என்றார் கில்லிஸ். இப்போது குரலில் ஏளனம் இல்லை. "நீ கொலைமிரட்டல் விட்டதை நேத்து சாயங்காலம் எங்ககிட்ட வந்து சொன்னது உன் பொண்டாட்டிதான். கத்தி உன்னோடதுன்னு அடையாளம் காட்டினதும் அவதான்."

லோர்னுக்கு வலித்தது. அடிபட்ட மாதிரி நிஜமாகவே நெஞ்சு வலித்தது.

வெளியே வரவேற்பறையில் ஒரு பெண் குரல் கேட்டது.

"நான் லோர்னோட சம்சாரம். அவருக்குக் கம்பளி சாக்ஸ் கொண்டாந்திருக்கேன். ஜெயில்ல குளிருமில்ல, பாவம்..."

*

டார்லீன் முதலில் மறுத்தாள். பிறகு அழுதாள். ஒக்சானா வீடியோவை ஓடவிட்டதும் அழுகையை, குழாயை மூடுவது மாதிரி நிறுத்தினாள்.

"இதை யாரு கண்டுபிடிச்சா?"

"நான்தான்."

"நீ இந்த ஊர்க்காரி இல்லையே?"

"இல்ல."

"அதானே பாத்தேன்!" என்றாள் வெறுப்போடு. "இந்த ஊர்ல எந்தக் கண்ணும் அதைக் கண்டுபிடிச்சிருக்காது."

லோர்ன் அவள் எதிரே வந்து நின்றான்.

"ஏன் டார்லீன்?"

"புளோரிடாவுக்குக் கூட்டிட்டுப் போறேன்னான் அந்தக் கிழவன். வீடு பாத்தாச்சுன்னான். போன வாரம் என்ன சொன்னான் தெரியுமா? 'அதான் உன் புருஷன் மன்னிச்சுட்டானே, பேசாம அவனோடவே இருந்துடு'ன்னான்!"

"அதுக்கு... என்னை ஏன்டி மாட்டிவிட்டே?"

"நீ ஏன் மன்னிச்சே?" டார்லீன் சீறினாள். "நாலு அறை விட்டு வீட்டை விட்டுத் துரத்தியிருந்தா அவன் என்னைச் சேர்த்துக்கிட்டிருப்பான். பெரிய புத்தர் மாதிரி மன்னிச்சே! தினமும் சாப்பாட்டு மேஜையில அந்தப் பாவமான மூஞ்சி! உன் மன்னிப்பைப் பாத்துக்கிட்டே சாகச் சொல்றியா?"

லோர்னிடம் இருந்த ஒரே நல்ல பொருளை அவள் காறித் துப்பிவிட்டாள். இனி அதை எடுத்து வைத்துக்கொண்டு என்ன செய்வது?

வாசலில் போலீஸ் கார் நின்றது. மூடுபனி விலகி வெயில் அடித்தது. ஒக்சானா பின் கதவைத் திறந்து பிடித்தாள். டார்லீன் ஏறாமல் நின்றாள். திரும்பிப் பார்த்தாள். குரலைக் குழைத்தாள்.

"லோர்ன்... கண்ணு... இந்த ஒரு தடவை மட்டும் மன்னிச்சுடேன்!"

லோர்ன், அவள் கொண்டுவந்திருந்த கம்பளி சாக்ஸை அவள் கையிலேயே வைத்தான். தொண்டையைச் செருமிக்கொண்டான். வருஷக்கணக்கில் தினமும் மைக்கில் பேசிய அதே உற்சாகக் குரலை வரவழைத்துக்கொண்டான்.

"ஏறும்மா, ஏறு! எங்க பஸ்ஸுலதான் எங்க வேணா ஏறலாம், எங்க வேணா இறங்கலாம். இந்த வண்டிக்கு அடுத்த ஸ்டாப்பே இருபத்தஞ்சு வருஷம் கழிச்சுத்தான்!"