அவரு தவறிட்டாரு

போன் அலறியது.

லேத் பட்டறையின் முதலாளியம்மா எண்ணெய்க் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு எடுத்தாள்.

"இன்ஸ்பெக்டர் பேசறேம்மா. உங்க வீட்டுக்காரரோட ஸ்கூட்டர் பாலத்துச் சரிவுல கிடக்கு."

பெண் குரல். அவசரமில்லாத குரல். அதுதான் பயமாக இருந்தது.

"அவரு...?"

"நேர்ல வந்து சொல்றேன். யார்கிட்டயும் பேசாதீங்க. பிரேக் ஒயர் தானா அறுந்து போகல."

அவள் காலடியில் இரும்புச் சுருள்கள், யாரோ வெட்டிப் போட்ட தலைமுடி போல் கிடந்தன.

இன்று கடைசித் தவணை. நின்றுபோன வங்கிக் கடனைத் தவணையாகக் கட்டலாம் என்று கோர்ட் இரங்கியிருந்தது. ஒரே நிபந்தனை. ஒரு தவணை தவறினாலும் பட்டறை ஏலத்துக்குப் போகும்.

அதைக் கட்டத்தான் கணவன் கிளம்பியிருந்தான்.

இன்ஸ்பெக்டர் பின்வாசல் வழியாக வந்தார். அவளை உள்ளறைக்கு அழைத்துப் போனார். கதவு சாத்தப்பட்டது.

வெளியே வந்தபோது அவள் முகம் இறுகியிருந்தது.

"காலைல ஸ்கூட்டர் பக்கத்துல யார் யார் வந்தாங்க?" இன்ஸ்பெக்டர் தாழ்ந்த குரலில் கேட்டார்.

"பேங்க் வசூல்காரர். மாசா மாசம் வந்து நிப்பாரு, அதனால 'ஒண்ணாந்தேதி'ன்னு பேரு. இன்னிக்கு எங்க வீட்டுக்காரரோட கொஞ்சம் வாய்த்தகராறு. அப்புறம்... எங்கண்ணன். பக்கத்து டயர் குடோன் அவரோடதுதான்."

"அண்ணனுக்கு இந்த இடத்து மேல கண்ணா?"

"நடுச்சுவரை இடிச்சா குடோன் பெருசாகும்பாரு. விளையாட்டுக்கு."

"அடிக்கடி விளையாடுவாரோ?"

அவள் தலை குனிந்து இரும்புச் சுருள்களைக் காலால் ஒதுக்கினாள்.

"ரெண்டு பேருக்கும் போன் போடுங்க, ஸ்பீக்கர்ல. 'அவரு தவறிட்டாரு.' அவ்வளவுதான். வேற ஒரு வார்த்தை கூடாது."

"எங்கண்ணன் என்னைத் தோள்ல தூக்கி வளர்த்தவரு மேடம்."

"அப்போ தைரியமா பேசுங்க."

முதல் போன் வசூல்காரருக்கு.

"சார்... அவரு தவறிட்டாரு."

"தவறிட்டாரா? என்னம்மா இது, இத்தனை தவணை கட்டிட்டுக் கடைசில கவுத்துட்டாரே! கவுண்டர் இன்னும் மூடல. ஒரு ஆட்டோ பிடிச்சு ஓடிவரச் சொல்லுங்க. நானும் இப்பவே பேங்குக்குப் போய்க் கேஷியர் கால்ல விழுந்தாவது நிறுத்தி வைக்கறேன்."

இன்ஸ்பெக்டரின் உதட்டோரம் லேசாக நெளிந்தது. அடுத்த போன் என்று கை காட்டினார்.

சுவருக்கு அந்தப் பக்கம் மணி அடித்தது. ஒரு முறை முழுதாக அடிப்பதற்குள் எடுக்கப்பட்டது.

காத்திருந்தது போல.

"சொல்லும்மா."

"அண்ணா... அவரு தவறிட்டாரு."

நீளமாய் ஒரு பெருமூச்சு.

"அழாதேம்மா. அண்ணன் நானிருக்கேன். பாடியை எப்போ குடுப்பாங்க?"

அவள் நடுச்சுவரைப் பார்த்தபடி பேசினாள்.

"இன்னிக்குத் தவணை நாள்ணா. தவறிட்டாருன்னா தவணைன்னுதானே நினைக்கணும். உங்களுக்கு மட்டும் ஏன் பாடி ஞாபகம் வந்துச்சு?"

"அது... நீ அழுதியா... அதான்..."

"நான் அழவே இல்லையேண்ணா."

உள்ளறைக் கதவு கிறீச்சிட்டது. முட்டியில் கட்டோடு, நொண்டியபடி ஓர் உருவம் வந்து போனை நோக்கிக் குனிந்தது.

"பாடி இங்கதான் இருக்கு மச்சான்."

மறுமுனையில் நாற்காலி தள்ளப்படும் சத்தம்.

"சரிவுல மணல் கொட்டி வெச்சிருந்தாங்க, அதுல விழுந்தேன். போலீஸ் ஜீப்லயே பேங்குக்குப் போயிட்டு, மேடம்கூடப் பின்வாசல் வழியா வந்தேன். தவணையும் தவறல, நானும் தவறல."

பக்கத்தில் ஷட்டர் தடதடவென்று ஏறும் சத்தம். பாதியில் நின்றது. வெளியே கனமான பூட்ஸ் கால்கள்.

"தங்கச்சி..." குரல் உடைந்து வந்தது. "போலீஸ் வந்துட்டாங்க. கொஞ்சம் டைம் குடுக்கச் சொல்லும்மா. எல்லாத்தையும் சொல்லிடறேன்."

அவள் போனை இன்ஸ்பெக்டரிடம் நீட்டிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். இப்போதுதான் அழுதாள்.

"டைமா?" என்றார் இன்ஸ்பெக்டர். "கோர்ட் வருஷக்கணக்கா குடுக்கும் சார். ஆனா தவணையில கிடையாது... மொத்தமா கழிக்கணும்."