வாபஸ் வாங்க ஒரு கையெழுத்து

ஐஸ்கிரீம் லாரிக்குள், காலிப் பெட்டிகளுக்குப் பின்னால், மச்சான் பிணமாகக் கிடந்தான்.

வெளியே கிரேன் வந்து நின்றது.

கம்பெனி முதலாளிக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது.

வரி பாக்கிக்காக ஜப்தி. வேறு யாராக இருந்தாலும் தலையில் அடித்துக்கொண்டு அழுவார்கள். இவர் கதையே வேறு! பொய்க் கணக்கு எழுதியவர் இவர். அதைக் கண்டுபிடித்தவன் பாதிப் பங்குக்காரனான மச்சான், இவர் மனைவியின் அண்ணன். நேற்று சாயங்காலம் அவன் இவர் சட்டையைப் பிடித்தான்... இவர் அவன் கழுத்தைப் பிடித்தார். அவ்வளவுதான்.

லாரிக்குள் இருப்பதையெல்லாம் அதிகாரிகள் போன வாரமே குறித்துக்கொண்டு போய்விட்டார்கள். இன்று கதவுக்கு சீல் வைத்து இழுத்துப்போக வேண்டியதுதான் பாக்கி. அப்புறம் ஏலம் வரை அரசாங்கக் கிடங்கு. எவனாவது திறந்து அலறினால், 'லாரி உங்க காவல்லதானே இருந்துச்சு?' என்று இவர் திருப்பிக் கேட்பார்.

கிரேன்காரன் கொக்கியை மாட்டினான்.

வசூல் அதிகாரியின் செல்போன் ஒலித்தது. கேட்டார். கையை உயர்த்தி கிரேனை நிறுத்தினார்.

அதே சமயம் காரிலிருந்து இறங்கி ஓடி வந்தாள் முதலாளியின் மனைவி.

"ஏங்க, தடை வாங்கிட்டேன்! அப்பீல் முடியற வரைக்கும் எதையும் எடுக்க மாட்டாங்க."

கிடைக்கவே கிடைக்காது என்று ஆடிட்டரே கைவிரித்த தடை. மேலதிகாரி அறை வாசலில் தவம் கிடந்து வாங்கியிருந்தாள். முதலில் அண்ணனுக்குத்தான் சொல்ல ஆசைப்பட்டாளாம். அவன் போனை எடுக்கவில்லையாம். முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம்... பாவம்.

முதலாளி அதிகாரி பக்கம் திரும்பினார்.

"பரவாயில்ல சார். நீங்க எடுத்துட்டுப் போங்க."

அதிகாரி அவரை ஏற இறங்கப் பார்த்தார். விட்டுவிடச் சொல்லிக் காலில் விழுந்தவர்களை அவர் நிறையப் பார்த்திருக்கிறார். கொண்டுபோகச் சொல்லிக் கெஞ்சியவர் இவர்தான். தடை இருக்கும்போது தொட்டால் தன் வேலைக்கே உலை என்றார்.

"அப்போ அப்பீலே வேணாம். வாபஸ் வாங்கிக்கறேன்."

"நீங்க மட்டும் வாங்க முடியாது சார். ரெண்டு பங்குதாரரும் சேர்ந்து போட்ட அப்பீல். வாபசுக்கு உங்க மச்சான் கையெழுத்தும் வேணும்."

அவனுக்கும் சேர்த்துத் தானே போடுவதாகச் சொல்லிப் பார்த்தார். செல்லாது என்றார் அதிகாரி.

மனைவிக்கு ஒன்றும் புரியவில்லை.

"எதுக்கு இந்த அவசரம்? அண்ணன் வரட்டும். ரெண்டு பேரும் பேசிக்குங்க."

கிரேன்காரன் கொக்கியைக் கழற்றினான். முதலாளிக்கு மண்டைக்குள் ஏதோ கழன்றது.

"செத்தவன் எப்படிடி வருவான்?"

வாயைப் பொத்திக்கொண்டார். என்ன பிரயோஜனம்? கண் லாரிக் கதவுக்குப் போய்விட்டதே!

மனைவியும் அங்கே பார்த்தாள். "அண்ணா..." என்று போய்க் கதவைத் தட்டினாள். தட்டிக்கொண்டே இருந்தாள். அப்படியே சரிந்து உட்கார்ந்தாள்.

முதலாளி ஓடப் பார்த்தார். கிரேன்காரன் குறுக்கே வந்து பிடித்துக்கொண்டான். அதிகாரி போலீசுக்குப் போன் போட்டார்.

"சார்... தடை இருக்கு சார். அப்பீல் முடியற வரைக்கும் லாரியைத் தொடக் கூடாது சார்..."

"தடை எங்களுக்குத்தான் சார். போலீசுக்கு வரி பாக்கியெல்லாம் வேணாம்... நீங்க மட்டும் போதும்."