வண்டூர்க் கொட்டகைத் தீ

மரகதம் வாசலில் வந்து நின்றபோது திருநாவுக்கரசு வயிற்றுவலிக்காக வெந்தயம் விழுங்கிக்கொண்டிருந்தார். போலீஸ் உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்று, அந்தமானில், போர்ட் பிளேரின் டெய்ரி ஃபார்ம் என்கிற பகுதியில் தனியாகக் குடியிருக்கும் மனிதர். ஓய்வு என்பதெல்லாம் பேருக்குத்தான். ஒரு கோழி காணாமல் போனாலும் ஜனங்கள் போலீஸ் சௌக்கிக்குப் போகாமல் இவர் கதவைத்தான் தட்டுவார்கள். ஆனால் அன்று வந்தவள் கோழிக்காக வரவில்லை. அழுதழுது அவள் முகம் வீங்கிப்போயிருந்தது.

அவளை ஜீப்பில் ஏற்றிவந்த லூர்துநாதன் பின்னாலேயே நுழைந்தான். வண்டூர்ப் பக்கத்துக் குடியேற்றங்களிலிருந்து தினமும் காலையில் பால்கேன்களை நகரத்துக்குக் கொண்டுவருவது இந்தத் தூத்துக்குடிக்காரனின் பிழைப்பு. திருநாவுக்கரசு துப்புத் துலக்கப் போகும் இடமெல்லாம் ஒட்டிக்கொள்வது அவனுடைய பைத்தியம்.

"அண்ணாச்சி, பெரிய கேஸு! கொட்டகையில தீ!" என்றான்.

"நீ சும்மா இரு. அந்தம்மா சொல்லட்டும்."

மரகதம் சொன்னாள். அவளும் கணவன் பழனிசாமியும் கோயமுத்தூர்ப் பக்கத்திலிருந்து வந்து, காட்டை வெட்டி, மாடு வளர்த்துப் பிழைக்கிறவர்கள். அந்த வருஷக் கோடை பொல்லாத கோடை. சுற்றுவட்டாரக் கிணறுகளில் உப்பு ஏறிவிட்டது. நல்ல தண்ணீர் மிச்சமிருந்தது பழனிசாமியின் நிலத்துக் குட்டையில் மட்டும்தான். பக்கத்து நிலத்துக் கோவிந்தராஜ் தன் மாடுகளை அங்கே ஓட்டிவர ஆரம்பித்தான். முதலில் பேச்சு, பிறகு ஏச்சு, கடைசியில் பழனிசாமி முள்வேலியே போட்டுவிட்டான்.

"முந்தாநேத்து சாயங்காலம் குட்டைக்குள்ளயே ரெண்டு பேரும் கட்டிப் புரண்டாங்க. 'இன்னொருக்கா வந்தீன்னா உன் கொட்டகையக் கொளுத்திப்போடுவேன்'னு எங்க ஊட்டுக்காரரு ஊரே கேக்கக் கத்திப்போட்டாருங்க. ஒத்தைக்கால் செருப்போட ஊட்டுக்கு வந்தாரு. இன்னொண்ணு சேத்துலயே போயிருச்சு. அன்னைக்கு ராத்திரி கொட்டகை எரிஞ்சுது. காலையில பாத்தா அந்தச் செருப்பு கொட்டகை ஓரத்துல கெடக்குது! அதை வெச்சு இவரப் புடிச்சு சௌக்கியில போட்டுட்டாங்க."

"மாடுகள்?"

"தப்பிச்சிருச்சுங்க. ஆனா கோவிந்தராசோட வேலையாளு சண்முகம் வெந்து போயி ஆஸ்பத்திரியில கெடக்கறாரு. அவரு செத்துட்டா கொலைக் கேஸுன்னு மெரட்டறாங்க. இன்னைக்குப் பொழுது எறங்கறதுக்குள்ள தாசில்தார் வந்து எங்க நெலத்தப் புடுங்கிக் குட்டையக் கோவிந்தராசு கையில குடுத்துருவாருங்களாம்."

அவள் சட்டென்று தரையில் உட்கார்ந்துவிட்டாள். "எம்பட மூத்த புள்ளயக் காய்ச்சல்ல குடுத்து அந்த மண்ணுலதானுங்க பொதைச்சிருக்கறேன். அவனை உட்டுப்போட்டு நான் எந்தக் கப்பல்ல ஏறுவேன்? சொல்லுங்க சாமி, எந்தக் கப்பல்ல?"

திருநாவுக்கரசு வெந்தயக் கிண்ணத்தை மூடி வைத்தார். "எந்தக் கப்பலிலும் ஏற வேண்டாம். எழுந்திரும்மா. லூர்து, வண்டியை எடு."

முதலில் ஆஸ்பத்திரி. போகிற வழியெல்லாம் லூர்துநாதன் வாய் ஓயவில்லை. "எனக்கென்னவோ சண்முகம் மேலதான் சந்தேகம். பீடியை எறிஞ்சிருப்பான். பாவம் ஜெயலட்சுமி அக்கா, அதான் கோவிந்தராஜ் பெஞ்சாதி, மகராசி! கொட்டகை வெந்த மறுநாள் காலையிலயும் கேன் தளும்பத் தளும்பப் பால் ஊத்திட்டா. ஒரு சொட்டு குறையல. நானா இருந்தா தலையில கைவச்சுட்டு உக்காந்திருப்பேன்."

"ம்," என்றார் திருநாவுக்கரசு.

சண்முகத்தின் இரண்டு கைகளும் துணிச்சுற்றுக்குள் இருந்தன. முகத்தில் பாதி தெரியவில்லை. பக்கத்துக் குடியேற்றத்தில் வங்காளிகள் பஜனை வைத்திருந்தார்கள், அதைக் கேட்டுவிட்டு விடிந்ததும் வா என்று கோவிந்தராஜே அனுப்பினான், தலைவலி என்று பாதியிலேயே திரும்பிவிட்டேன் என்று விட்டுவிட்டுச் சொன்னான்.

"தூரத்துலயே தீயப் பாத்துட்டேன். மாடுங்க உள்ள கட்டிக்கெடக்குமேன்னு பாய்ஞ்சேன். புகையில கண்ணு தெரியல. அவுத்துவிடலாம்னு ஒவ்வொரு முளையாத் தடவினேன். ஒண்ணுலயும் கயிறே இல்ல. வெறும் கட்டைதான் கையில தட்டுச்சு. கடைசி முளை வரைக்கும் தடவிப் பாத்தேனுங்க. அப்பத்தான் கூரை விழுந்துச்சு."

"அறுந்த துண்டுகூட இல்லையா? நன்றாக நினைத்துச் சொல்."

"இல்லைங்க. வழுவழுன்னு முளை மட்டுந்தான்."

மரகதம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அவளுக்கு எதிரி வீட்டு ஆள்தான். இருந்தாலும் அந்தக் கைகளைப் பார்க்க அவளால் முடியவில்லை.

வண்டூரைத் தாண்டிக் குடியேற்றத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது வெயில் மண்டையைப் பிளந்தது. சௌக்கியில் பழனிசாமி உதடு கிழிந்து, மூலையில் குந்தியிருந்தான். மனைவியைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டான். சௌக்கிப் பொறுப்பிலிருந்த ஜமாதார் செருப்பை மேசைமேல் எடுத்துப் போட்டு, "கேஸ் கதம், சாப். யே தேக்கியே," என்று அதைக் காட்டிப் பெருமையாகச் சிரித்தார். கேஸை முடித்தது தானே என்கிற மிதப்பு அவருக்கு.

திருநாவுக்கரசு செருப்பை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். கால் பதியும் மேல்பக்கத்தில் நீலக் களிமண் அப்பிக் காய்ந்திருந்தது. விரலால் தொடாமல் அப்படியே திருப்பிக் கொடுத்தார். "பத்திரமாக வைத்திருங்கள், ஜமாதார். உதிர்ந்துவிடக் கூடாது. சாயங்காலம் இதையும் பழனிசாமியையும் குட்டைக்குக் கொண்டுவாருங்கள்."

எரிந்த கொட்டகையில் சாம்பலும் கரிக்கட்டைகளும்தான் மிச்சம். கோவிந்தராஜ் அதன் நடுவே நின்றுகொண்டிருந்தான். ஒடிசலான ஆள். தூங்கிப் பல நாளான முகம்.

"வீட்டுல படுத்திருந்தேன். புகை நாத்தம் வந்து ஓடியாரேன், எல்லாம் எரியுது," என்றான். "மாடும் கன்னும் மிரண்டு, கயித்த அத்துக்கிட்டுக் காட்டுக்குள்ள ஓடிப்போச்சு. ராத்திரி முழுக்கத் தாயும் கன்னுமா எங்கெங்கயோ திரிஞ்சிருக்கு. விடிஞ்சப்புறம் நானும் எம் பொஞ்சாதியும் ஒண்ணொண்ணாப் புடிச்சாந்தோம்."

"கன்றுகளும் தாயோடவே திரிந்தனவா?"

"ஆமா, பின்ன? நெருப்புல எவன் பிரிச்சுக் கட்டுவான்?"

தென்னந்தோப்பில் மாடுகள் நின்றிருந்தன. விலா எலும்பை எண்ணிவிடலாம். கயிறு ஒன்றுகூட அறுந்திருக்கவில்லை. லூர்துநாதனுக்கு அதைப் பார்த்ததும் கண் விரிந்தது. அவன் வாயைத் திறப்பதற்குள் திருநாவுக்கரசு அவன் தோளை அழுத்தினார்.

பொழுது சாய்கிற நேரத்துக்குத் தாசில்தார் இராமகிருஷ்ணன் வந்தார். குட்டைக்கரையில் ஊரே கூடிவிட்டது. உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு, "என்ன திருநாவுக்கரசு, உங்களுக்கும் ஏதோ சொல்ல இருக்கிறதாமே? சுருக்கமாகச் சொல்லுங்கள். நான் இருட்டுவதற்குள் திரும்ப வேண்டும்," என்றார்.

"சொல்கிறேன். முதலில் செருப்பு. குட்டைச் சேற்றில் கழன்ற செருப்பு இது. பழனிசாமி இதைப் போட்டுக்கொண்டு கொளுத்தப் போயிருந்தால் ஈரச் சேற்றில் குதிகாலும் பெருவிரலும் பதிந்திருக்க வேண்டும். பாருங்கள், பூசிவிட்ட மாதிரி வழவழவென்று காய்ந்திருக்கிறது. குட்டையிலிருந்து எடுத்த பிறகு இதில் எந்தக் காலும் ஏறவில்லை. யாரோ கையில் கொண்டுபோய்ப் போட்டிருக்கிறார்கள்."

கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது. கோவிந்தராஜ், "நான் போட்டேங்கறீங்களா? ஊருல அவனுக்கு எதிரிக்கா பஞ்சம்?" என்று சீறினான்.

"சரி, அதை விடு. மாடுகள் கயிற்றை அறுத்துக்கொண்டு ஓடின என்றாய். அறுத்தால் முளையில் ஒரு துண்டாவது தொங்கும். சண்முகம் தீக்குள்ளே ஒவ்வொரு முளையையும் தடவிப் பார்த்திருக்கிறான். ஒன்றிலும் துண்டு இல்லை. தோப்பில் நிற்கிற மாடுகளின் கழுத்தில் முழுக்கயிறு இருக்கிறது. ஆகவே யாரோ நிதானமாக அவிழ்த்திருக்கிறார்கள்."

கோவிந்தராஜின் முகம் ஒரு கணம் வெளுத்தது. உடனே சமாளித்துக்கொண்டான். "இருட்டுல நான் எதைக் கண்டேன்? அத்துக்கிச்சுன்னு நெனச்சேன். இவனும் மாட்டுக்காரன்தானே! கொட்டகையக் கொளுத்துனாலும் வாயில்லா சீவனைக் கொல்ல மனசு வந்திருக்காது. அவுத்துத் தொரத்திவிட்டுட்டுத் தீ வச்சிருப்பான்."

நியாயமான பேச்சுதான். தாசில்தாரே தலையை ஆட்டினார்.

"அதையும் யோசித்தேன்," என்றார் திருநாவுக்கரசு. "லூர்து, தீப்பிடித்த மறுநாள் காலையில் இந்த வீட்டுப் பால் எவ்வளவு வந்தது?"

"கேன் தளும்ப, அண்ணாச்சி. வழக்கம்போல..." என்று ஆரம்பித்தவன் பாதியில் நிறுத்தித் தலையில் அடித்துக்கொண்டான். "ஐயோ, மாதாவே! ஜீப்புல வச்சு நானேல்லா தூக்கியாந்தேன்!"

"மரகதம், நீ சொல்லம்மா. கன்றுகள் ராத்திரி முழுக்கத் தாயோடு அவிழ்ந்து திரிந்தால் காலையில் எவ்வளவு பால் கறக்கும்?"

மரகதம் நிமிர்ந்தாள். "எங்கீங்க கறக்கும்? கன்னு அத்தனையும் ஊட்டிக் குடிச்சுப்போடும்! அதுக்குத்தானுங்க பொழுதோட கன்னத் தனியாக் கட்டறது. போதாததுக்கு மெரண்ட மாடு பால எறக்காது. தொட்டா ஒதைக்கும்."

"ஆக, அந்த ராத்திரி மாடுகள் மிரளவும் இல்லை, கன்றுகள் பால் குடிக்கவும் இல்லை. தீக்கு முன்பே யாரோ அவற்றைத் தோப்புக்கு ஓட்டிப்போய், தாயை ஒரு பக்கமும் கன்றை ஒரு பக்கமுமாகக் கட்டியிருக்கிறார்கள். பழனிசாமி எதிரியின் பால் குறையக் கூடாது என்று கன்றைப் பிரித்துக் கட்டுவானா? மறுநாளும் கறக்க நினைத்தவன்தான் அதைச் செய்வான். எல்லாவற்றையும் யோசித்த கோவிந்தராஜ், கைப்பழக்கத்தை மட்டும் யோசிக்கவில்லை. கன்று பிரித்துக் கட்டுவது அவனுக்குத் தினப்படி வேலை, அதனால் அந்த ராத்திரியும் கை தானாகச் செய்துவிட்டது. வேலையாள் இருந்தால் தெரிந்துவிடும் என்றுதான் சண்முகத்தைப் பஜனைக்கு அனுப்பினான்."

கோவிந்தராஜுக்குப் பின்னாலிருந்து அவன் மனைவி ஜெயலட்சுமி முன்னால் வந்தாள். "எனக்குத் தெரியாதுங்க," என்றாள். "மாடு ஓடிருச்சுன்னு சொன்னாரு. விடிஞ்சு தோப்புல போய்ப் பாத்தா எல்லாம் கட்டிக் கெடந்துச்சு. முன்னாடியே புடிச்சாந்து கட்டிட்டாரு போலன்னு நெனச்சேன். வெளிய சொல்லாதேன்னாரு." கணவன் பக்கம் திரும்பினாள். "அப்ப சண்முகம் யாரைக் காப்பாத்தய்யா உள்ள போனான்? வெறும் கொட்டகையில யாரு இருந்தா?"

அந்தக் கேள்விதான் அவனை உடைத்தது. "அவன் வருவான்னு எனக்குத் தெரியாதுடி! சத்தியமாத் தெரியாது!" என்று மண்ணில் விழுந்து கதறினான். "மூணு மாடு செத்துப்போச்சு. உப்புத் தண்ணியக் குடிச்சு, நாக்கு தள்ளி, என் கண்ணு முன்னாலயே செத்துச்சு. பழனிசாமி கால்ல விழுந்து கேட்டேன். குட்டையில ஒருத்தன் மாட்டுக்குத்தான் தண்ணி இருக்குன்னான். இவன் போனாத்தான் என் மாடு பொழைக்கும். நான் என்ன பண்ணட்டும்?"

பழனிசாமி குட்டையைப் பார்த்தபடி, "அவன் சொல்றது நெசந்தானுங்க," என்றான் மெதுவாக. "தண்ணி ஒருத்தன் மாட்டுக்குத்தான் காணும்."

தாசில்தார் உத்தரவை மடித்துப் பைக்குள் வைத்தார். ஜமாதார் பழனிசாமியை விட்டுவிட்டுக் கோவிந்தராஜைப் பிடித்துக்கொண்டார். லூர்துநாதன் வெற்றிக் களிப்பில் திருநாவுக்கரசின் கையைக் குலுக்கப் போனான். அவர் முகத்தைப் பார்த்துக் கையை இழுத்துக்கொண்டான். கேஸ் முடிந்துவிட்டது. தண்ணீர் ஒரு குடம்கூடக் கூடவில்லை.

ஜனங்கள் கலைந்தார்கள். ஜெயலட்சுமி மட்டும் வேலிக்கு அந்தப் பக்கம் நின்றாள். அவளுக்குப் பின்னால், தண்ணீர் வாசனைக்கு ஒவ்வொன்றாக மாடுகள் வந்து நின்றன. தண்ணீர் கேட்க அவளுக்கு வாய் ஏது?

மரகதம் புருஷனைப் பார்த்தாள். அவன் தலையைக் குனிந்துகொண்டான். வேண்டாம் என்று சொல்லவில்லை. அவள் போய் வேலி முள்ளை இழுத்துப்போட்டு வழிவிட்டாள். கையில் ரத்தம் வந்தது.

"ஓட்டிட்டு வாக்கா."

"தீந்துருமே, மரகதம்," என்றாள் ஜெயலட்சுமி. அப்போதுதான் அவளுக்கு அழுகை வந்தது. "ரெண்டு வீட்டு மாடும் குடிச்சா நாலஞ்சு நாள்ல தீந்துருமே."

"தீரட்டும். அதுக்கப்பறம் ரெண்டு பேரும் சேந்து வானத்தப் பாக்கலாம்."

மாடுகள் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு உள்ளே இறங்கின.