உள்பாவாடையில் சுற்றிய துவக்கு

"மர்சூக் அண்ணை, என்ரை பிள்ளையை இந்த நாட்டை விட்டு அனுப்பப் போறாங்கள்."

றீற்றா இப்படித்தான் உள்ளே வந்தாள். வணக்கமும் இல்லை, சப்பாத்தைக் கழற்றவும் இல்லை. அவள் காலில் ஒட்டி வந்த பனி விரிப்பில் ஊறுவதை வேரோனிக்கா பார்த்தாள். வேறு நாளாயிருந்தால் நாலு சொல் சொல்லியிருப்பாள். அன்று பேசாமல் கதிரையை இழுத்துப் போட்டாள்.

ரொறொன்ரோவின் மல்வேர்னில் ஒரு பலசரக்குக் கடைக்கு மேலே இருக்கிறது மர்சூக்கின் கந்தோர். இருபத்தேழு வருடம் காப்புறுதிக் கம்பனிகளுக்காக எரிந்த வீட்டையும் இடிபட்ட காரையும் துருவிப் பார்த்த மனிதர். இளைப்பாறிய பிறகும் ஊர்ச்சனம் அவரை விட்டபாடில்லை. வேரோனிக்கா பள்ளிக்கூட பஸ் ஓட்டி ஓய்வுபெற்றவள். உதவியாளர் பதவியை யாரும் அவளுக்குக் கொடுக்கவில்லை, அவளே எடுத்துக்கொண்டாள். மர்சூக் ஒன்று கேட்பதற்குள் இவள் மூன்று கேட்டுவிடுவாள்.

"ஆர் அனுப்புறது? ஏன்? என்ன செய்தவன்?" என்று இப்போதும் கேட்டாள்.

"பதறாத காரியம் சிதறாது, வேரோனிக்கா. அவ மூச்சு விடட்டும்" என்றார் மர்சூக்.

றீற்றா மூச்சு விட்டாள். பிறகு சொன்னாள். இரண்டு கிழமைக்கு முன்னர் ஒரு சனிக்கிழமை, அவளுடைய அக்கா அருள்நாயகியின் மகள் ஸ்டெபனிக்கு பஃபலோவில் கலியாணம். றீற்றாவும் மகன் அன்ட்ரூவும் ரொறொன்ரோவிலிருந்து காரில் போனார்கள். ஞாயிறு அதிகாலை றீற்றா கோவில் ஆட்களோடு வான் வண்டியில் திரும்பிவிட்டாள். அன்ட்ரூ மத்தியானம் தனியாக வெளிக்கிட்டான். டிக்கி நிறையச் சட்டி பானையும் மிஞ்சின பலகாரமும். கனடா எல்லையில் அதிகாரி, துவக்கு, துப்பாக்கி ஏதும் இருக்கிறதா என்று கேட்டார். இல்லை என்றான். டிக்கியைத் திறந்தார்கள். துவக்கு இருந்தது.

"பிணையிலை எடுத்து வைச்சிருக்கிறன். சிற்றிசன் சோதினை பாஸ் பண்ணி, சத்தியம் எடுக்கிற திகதிக்குப் பார்த்துக்கொண்டிருந்தவன், அண்ணை! குற்றவாளி எண்டால் ஊருக்குத் திருப்பி அனுப்புவாங்களாம். அங்கை அவனுக்கு ஆர் இருக்கினம்? ஒரு குஞ்சு குருமன் இல்லை."

"அவன் என்ன சொல்லுறான்?"

"தெரியாது எண்டுறான். அதுக்கு மேலை வாய் திறக்கிறான் இல்லை. ஒருத்தரோடையும் கதைக்க வேண்டாம் எண்டு லோயர் சொன்னவராம். அவர் குடுத்துவிட்ட இந்தக் கடிதக்கட்டை நான் உடைக்கவே இல்லை. பார்த்தாலே நெஞ்சு இடிக்குது." ஒரு பெரிய உறையை மேசையில் வைத்தாள்.

"சொந்தக்காரருக்கு என்ன சொன்னனீங்கள்?"

"காருக்குள்ளை துவக்கு எண்டு மட்டும்தான். எனக்கே அவ்வளவுதானே தெரியும். அக்கா ஒவ்வொரு நாளும் போன் எடுத்து அழுகிறா. செத்துப்போன அண்ணையின்ரை மகன் கிளிபோட், ஒஹாயோவிலை இருந்து கலியாணத்துக்கு வந்தவன், அண்டைக்கே எடுத்தவன். 'பெட்டியை உடைச்சே திறந்தவங்கள், மாமி?' எண்டு பதறிப்போய்க் கேட்டான். பாவம், அதுக்குப் பிறகு அவன்ரை சத்தமே இல்லை. அவனுக்கும் தாங்கேலாமல் இருக்கும்."

மர்சூக் குறிப்புப் புத்தகத்தில் ஏதோ எழுதினார். பிறகு றீற்றாவின் கழுத்தைப் பார்த்தார். அதில் மெல்லிய செபமாலை ஒன்றுதான் கிடந்தது.

"போன பெருநாளுக்கு நீங்கள் வட்டிலப்பம் வாங்க எங்கடை வீட்டை வரேக்கை பதக்கச் சங்கிலி போட்டிருந்தீங்கள். கையிலை காப்பும் கிடந்தது."

றீற்றா கழுத்துத் துணியை இழுத்து மூடினாள். "அது... அது வரும், அண்ணை. அவசரமில்லை."

அவர் மேலே கேட்கவில்லை.

அவள் போனதும் வேரோனிக்கா உறையைக் கிழித்தாள். எல்லை அதிகாரிகளின் அறிக்கையும் படங்களும் இருந்தன. சாம்பல் நிற இரும்புப் பெட்டி, சாவி போட்டுப் பூட்டியது. உள்ளே குண்டு ஏற்றாத கைத்துப்பாக்கி. குண்டுகள் வேறாக, மூடிய சிறு மட்டைப் பெட்டியில். அந்த இரும்புப் பெட்டி முழுவதும் மெரூன் நிற உள்பாவாடை ஒன்றில் சுற்றி, நாடாவால் இறுக்கிக் கட்டி, மேலே ஊசியும் குத்தி, பலகாரப் பையின் அடியில் கிடந்ததாம்.

"எனக்கு விளங்கீட்டுது. உவன் அன்ட்ரூ ஆருக்கோ கடத்திக் குடுக்கப் பார்த்திருக்கிறான். பார்க்கப் பூனை மாதிரி இருக்கிறவங்களைத்தான் நம்பக்கூடாது" என்றாள் வேரோனிக்கா.

"கடத்துறவன் குண்டை வேறயா வைச்சு, சட்டப்புத்தகத்திலை சொன்ன மாதிரிப் பூட்டி வைப்பானோ?"

வேரோனிக்கா வாயை மூடினாள். அது அபூர்வமான காட்சி.

"அமெரிக்காவிலை ஒவ்வொரு மாநிலத்துக்கும் ஒரு சட்டம். ஒஹாயோவிலை துவக்கை இடுப்பிலை மறைச்சுக் கொண்டு திரியலாம். பஃபலோ இருக்கிற நியூயோர்க் மாநிலத்துக்குள்ளை அந்த உரிமை செல்லாது. அதாலை மாநில எல்லைப் பலகையைக் கண்டதும் காரை ஓரங்கட்டி, குண்டைக் கழற்றி, பெட்டியிலை பூட்டி, டிக்கியிலை வைச்சிட்டு ஓடுவினம். இந்தப் பெட்டியைப் பூட்டினவர் அப்பிடியொரு ஆள். ஒளிக்கிற எண்ணம் அவருக்கு இல்லை. சட்டத்துக்கு அமைவா நடக்கிறதாத்தான் நினைச்சிருப்பார்."

"அப்ப ஏன் பாவாடைக்குள்ளை சுத்தினவர்?"

"அவர் சுத்தேல்லை. பூட்டினது ஒராள், ஒளிச்சது இன்னொராள். இனி நீங்கள் சொல்லுங்கோ, இப்பிடிக் கட்டி ஊசி குத்துறது ஆர்?"

வேரோனிக்கா படத்தைக் கண்ணுக்குக் கிட்டக் கொண்டுபோனாள். "ஐயோ, மாதாவே! கொழும்புக்குப் போகேக்கை நான் நகை கொண்டுபோறதும் இப்பிடித்தான். எந்த ஒபிசரும் உள்பாவாடையை அவிழ்க்கக் கூச்சப்படுவான். நகைப்பெட்டி எண்டு நினைச்சு ஆரோ பொம்பிளை சுத்தியிருக்கிறா!" உடனே குரல் தாழ்ந்தது. "றீற்றாவோ?"

"றீற்றா எண்டால் வீட்டை போனவுடனை நகை எங்கை எண்டு மகனைக் கேட்டிருப்பா. அவவின்ரை நகை இன்னும் வரேல்லை, அதைப் பற்றிக் கேட்கவும் கூச்சப்படுறா. அதைத்தான் நான் யோசிச்சுக்கொண்டிருக்கிறன்."

மர்சூக் அன்று இரண்டு தொலைபேசி அழைப்புகள்தான் எடுத்தார். முதலாவது, அமெரிக்கச் சட்டம் தெரிந்த ஒரு வக்கீலுக்கு. மற்றது றீற்றாவுக்கு. புதுத் தம்பதிக்கு அடுத்த ஞாயிறு கொடுக்க இருந்த விருந்தை நிறுத்தவேண்டாம், கிளிபோட்டையும் கட்டாயம் கூப்பிடுங்கள் என்றார்.

"அவன் வருவானோ?" என்று வேரோனிக்கா கேட்டாள்.

"வருவான். அவனிட்டை ஒரு சாமான் அகப்பட்டுக்கொண்டு நிக்குது. கொண்டுவந்து போட்டுப் போகத் தருணம் பார்த்துக்கொண்டிருப்பான்."

ஞாயிறு மத்தியானம் யூனியன்வில்லில் றீற்றாவின் வீட்டில் ஆட்டிறைச்சிக் கறி மணத்தது, ஆனால் ஒருவரும் ஒழுங்காகச் சாப்பிடவில்லை. அருள்நாயகி, ஸ்டெபனி, மாப்பிள்ளை ஜெனாட், மாப்பிள்ளையின் தாய், கிளிபோட், மூலையில் பேசாமல் அன்ட்ரூ. கிளிபோட் அகலமான தோள்காரன், வங்கிப் பணம் ஏற்றும் கவச வண்டியின் சாரதி. சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான்.

கை கழுவி வந்ததும் மர்சூக் எழுந்து நின்றார்.

"அன்ட்ரூ துவக்குக் கொண்டுவரேல்லை. நடந்ததைச் சொல்லுறன், பிழை எண்டால் திருத்துங்கோ. கலியாணத்துக்கு வந்த ஒருவர் தன்ரை துவக்கைச் சாம்பல் நிறப் பெட்டியிலை பூட்டி, தன்ரை கார் டிக்கியிலை வைச்சிருந்தார். அதே டிக்கியிலை, அதே நிறத்திலை இன்னொரு பெட்டியும் வந்து சேர்ந்தது. கடைகளிலை எல்லாரும் வாங்கிற பெட்டிதானே. ஞாயிறு காலமை ஒரு அம்மா, அது நகைப்பெட்டி எண்டு நினைச்சு, துவக்குப் பெட்டியைத் தூக்கினா. பாரமும் ஏறக்குறைய ஒண்டு. உள்பாவாடையிலை சுத்தி அன்ட்ரூவின்ரை காரிலை, பலகாரத்துக்குக் கீழை வைச்சா. ஒருத்தருக்கும் சொல்லேல்லை."

"ஏன் சொல்லேல்லை?" என்றான் ஜெனாட்.

"அதுக்கு ஒரு காரணம் இருக்கு, தம்பி. குற்றமான காரணமில்லை. அதை நான் சொல்லமாட்டன். அது அந்த அம்மா சொல்லவேண்டியது." மர்சூக் கிளிபோட்டின் பக்கம் திரும்பினார். "துவக்கின் சொந்தக்காரர் ஆரெண்டதை அவரே காட்டித் தந்தவர். றீற்றா எல்லாருக்கும் சொன்னது காரிலை துவக்கு எண்டு மட்டும். பெட்டி எண்ட பேச்சே இல்லை, அவவுக்கே தெரியாது. அண்டைக்கே போன் எடுத்து, பெட்டியை உடைச்சே திறந்தவங்கள் எண்டு கேட்டது நீர்தான், கிளிபோட்."

கிளிபோட் கதிரையைப் பின்னுக்குத் தள்ளி எழும்பினான். "நான்... ஏதோ வாய்தவறி... அங்கிள், என்ரை பேரிலை அந்தத் துவக்குக்கு ஒரு பதிவும் இல்லை. கை மாறி வாங்கினது. ஆர் அதை நிரூபிக்கேலும்?"

"பதிவில்லை எண்டுதான் மூண்டு கிழமையா முழுப் பூசணிக்காயைச் சோத்துக்குள்ளை மறைக்கப் பார்த்தீர். ஆனால் உமது டிக்கியிலை மற்றப் பெட்டி மிஞ்சிக் கிடக்கே."

மாப்பிள்ளையின் தாய் எல்லோரையும் மாறி மாறிப் பார்த்தாள். மர்சூக் காத்திருந்தார். அவருக்கு விடை தெரியும், வேரோனிக்காவுக்கும் தெரியும். சொல்லத் துடித்த வேரோனிக்கா, தன் சேலைத் தலைப்பை வாயில் வைத்து அழுத்திக்கொண்டிருந்தாள்.

அருள்நாயகி கதிரையைப் பிடித்துக்கொண்டு எழும்பினாள். அன்ட்ரூவைப் பார்த்தாள். பிறகு சம்பந்தியை நேராகப் பார்த்தாள்.

"என்ரை மகள் மணவறையிலை போட்டிருந்த நகை அவளின்ரை இல்லை. அவ்வளவும் றீற்றாவின்ரை. இரவல்." சம்பந்தியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "உங்களுக்கு முன்னாலை நாங்கள் குறைஞ்சு போகக்கூடாது எண்டு வாங்கினனான். கலியாணம் முடிஞ்சதும் ஹோட்டல் அறையிலை வைக்கப் பயந்து கிளிபோட்டின்ரை காரிலை பூட்டினனான். விடிய அவனைத் தட்டிக் கார்த் திறப்பு வாங்கி, அவசரத்திலை முன்னாலை கிடந்ததைத் தூக்கினன். உங்கடை ஆக்கள் வாசல் முழுக்க நிண்டவை. அன்ட்ரூவுக்குச் சொன்னால் எல்லையிலை பயந்து உளறிப்போடுவான் எண்டு அவனுக்கும் சொல்லேல்லை. றீற்றாவிட்டைப் போய்ச் சேரட்டும் எண்டு என்ரை கையாலைதான் வைச்சனான்."

"அக்கா, நீ ஏன் என்னட்டை ஒரு சொல் கேக்கேல்லை?" என்றாள் றீற்றா.

"பிள்ளையைப் பிடிச்சுக்கொண்டு போட்டாங்கள் எண்டு நீ கத்துறாய். நகை வந்து சேர்ந்ததோ எண்டு கேக்கிறதே? நான் என்ன மிருகமே? நீ ஏன் கேக்கேல்லை?"

"கலியாணக் களை ஆற முதல் கழட்டித் தா எண்டு எப்பிடியக்கா கேக்கிறது?"

இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்தபடி அழுதார்கள். இவ்வளவு மரியாதையும் சேர்ந்துதான் ஒரு பிள்ளையை சிறை வாசல் வரைக்கும் கொண்டுபோய் விட்டிருந்தது. சம்பந்தி எழும்பி வந்தாள். எல்லோரும் பயந்த அளவுக்கு ஒன்றும் நடக்கவில்லை. அவள் அருள்நாயகியின் கையைப் பிடித்து இருத்தி, "என்ரை கலியாணச் சங்கிலியும் என்ரை மாமியின்ரைதான்" என்று மட்டும் சொன்னாள்.

கிளிபோட் வெளியே போய்ச் சாம்பல் நிறப் பெட்டியோடு திரும்பினான். றீற்றா அதைத் திறந்துகூடப் பார்க்கவில்லை.

"இதைக் கண்டவுடனை உனக்கு எல்லாம் விளங்கியிருக்குமே. மூண்டு கிழமையா வாய் திறக்கேல்லையோடா? இவனை நான் எத்தினை இரவு நித்திரையில்லாமல் பார்த்துக்கொண்டு இருந்தனான் எண்டு தெரியுமோ உனக்கு?"

"பெட்டியிலை பூட்டினால் போதும் எண்டுதான் நினைச்சனான், மாமி. பிறகுதான் விசாரிச்சன். அந்த மாநிலத்தைத் தாண்டிப் போறதெண்டால்தான் பூட்டி வைச்சுக்கொண்டு போகலாமாம். அங்கை தங்கினால் அதுவும் குற்றமாம். நான் ரெண்டு நாள் தங்கினனான். சொன்னால் வேலை போகும். ஜெயிலுக்கும் போவன்."

மர்சூக் தலையசைத்தார். "அதுவும் உண்மைதான். வக்கீலும் அப்பிடித்தான் சொன்னவர். உம்மை ஒருத்தரும் இழுத்துக்கொண்டு போகேலாது. பெரிய மாமியின்ரை வாக்குமூலம் அன்ட்ரூவுக்கு உதவும். ஆனால் துவக்கு ஆருடையது எண்டு தெரியாத மட்டும் அவனிலை சந்தேகம் கிடக்கும்."

அப்போதுதான் அன்ட்ரூ வாயைத் திறந்தான். கோபமாகக்கூடச் சொல்லவில்லை.

"நீ ஜெயிலுக்குப் போனால் ஒரு நாள் வீட்டை திரும்பி வருவாய், மச்சான். என்னை அனுப்பினால் நான் எங்கை திரும்பி வாறது?"

கிளிபோட் அன்ட்ரூவை நிமிர்ந்து பார்த்தான். பிறகு அவன் தன் தொலைபேசியை எடுத்து, அன்ட்ரூவிடம் லோயரின் நம்பரைக் கேட்டான். அன்ட்ரூ ஒவ்வொரு இலக்கமாகச் சொன்னான். ஞாயிற்றுக்கிழமை என்பதால் மறுமுனையில் யாரும் எடுக்கவில்லை, தகவல் விடச் சொல்லி ஒரு குரல் கேட்டது.

கிளிபோட் தன் முழுப் பெயரையும் ஒஹாயோ விலாசத்தையும் சொன்னான்.

"அன்ட்ரூவின்ரை காரிலை எடுத்த துவக்கு என்ரை" என்றான்.