காலரசமும் ஒரு சுண்டுவிரலும்

உயிரோடிருக்கும் ஓர் இளவரசனுக்கு அன்றைய சந்தை நிலவரப்படி என்ன விலை தெரியுமா? ஒரு கோட்டையின் நீர்வாயில் திறவுகோல். மேற்கொண்டு பத்துப் பேழை முத்து. விலை சொன்னவன் மழவராயன். வாங்க வந்தவள் வணிகச் சாத்தின் தலைவர் மகள் உமையாண்டாள். விலைக்கு வந்திருந்த வழுதிநம்பியோ, அவள் மனத்தை எப்போதோ காசு கொடுக்காமலே வாங்கிக்கொண்டு போனவன்!

பொருநை ஆறு கடலோடு கலக்கும் அவ்விடத்தில், அந்திவானம் தன்னிடமிருந்த கடைசிக் குங்குமத்தையும் நீரில் கொட்டிவிட்டுக் கிளம்ப, கீழ்த்திசையில் முழுமதி அப்போதுதான் கடை விரித்துக்கொண்டிருந்தது. அக்கரையில் மூன்று திங்களாக முற்றுகையில் கிடந்தது வழுதிநம்பியின் சங்குமுகக் கோட்டை. இக்கரையில் மழவராயனின் பாசறை. தாழம்பூ மணக்கும் கரையில் பரிசலைக் கட்டிவிட்டு, அவன் தாயாகிய அரசியார் எடுத்துக் கொடுத்த திறவுகோலை மடியில் முடிந்துகொண்டு, தன்னந்தனியாகக் கூடாரத்துள் நுழைந்தாள் உமையாண்டாள். ஏமாந்தால் கோட்டையும் போகும், அவனும் போவான் என்பதை அவள் அறிவாள்.

கூடாரத்தின் ஓரத்தில் ஒரு நெருப்புச்சட்டி கனன்றது; நடுவே ஒரு நீர்த்தொட்டி. அதில் கழுத்தளவு அமிழ்ந்த ஒரு கற்குடுவை. வாசக அன்பர்களே, அதனுள் இருப்பதுதான் காலரசம். குளிர்ந்த நீரில் இருக்கும்வரை அது பரம சாது. சூடு பட்டாலோ சீறி வெடிக்கும். அதன் நீல ஆவி மூக்கில் ஏறினால், கண் எதைக் காணத் தவிக்கிறதோ அதையே காணும். ஒரு நாழிகை ஒரு மாதமாய் நீளும், ஒரு மாதம் ஒரு நாழிகையாய்ச் சுருங்கும். அந்த மயக்கத்துக்கு அகப்படாதது விரலின் தொடுவுணர்வு ஒன்றே. மழவராயன் குடுவையின் மூடியை ஒரு நெல்லளவு மட்டும் விலக்கி வைத்திருந்தான்.

"கொண்டு வாருங்கள் இளவரசரை!" என்றான்.

வந்து நின்றவனைக் கண்டதும் உமையாண்டாளுக்குக் கண்ணீர் முட்டியது. அதே நெற்றி, அதே குறும்புச் சிரிப்பு, விரலில் அதே மோதிரம்! ஆயினும் முத்துக் குவியலுக்கு நடுவே வளர்ந்த அவளுடைய புத்தி, நெஞ்சைப் போல அவசரப்படவில்லை. மூன்று மாதச் சிறைவாசி இவ்வளவு கொழுகொழுவென்று இருப்பானா?

"அருகில் சென்று பார்க்கலாமா?"

"பத்தடி தள்ளி நின்று பாரும், நங்கையே. எட்டிப் பார்க்கக் காசில்லை. தொட்டுப் பார்க்கத்தான் விலை."

"ஆகட்டும். ஆனால் துண்டுக்கடியில் கையோடு கை சேர்ந்து பேசாமல் எங்கள் சாத்தில் ஒரு குன்றிமணிகூடக் கைமாறாது. அரசர்களுக்கு அந்த வழக்கம் தெரியாதோ என்னவோ!"

மழவராயன் உரக்க நகைத்தான். "தெரிந்துதான் ஒரு தரகனைத் தேடிப் பிடித்து வைத்திருக்கிறேன். ஏ கிழவா!"

கூன் விழுந்த முதுகும் நரைத்த தாடியுமாக, ஈரத்துணியை வாயில் சுற்றிக்கொண்டு, இருமியபடியே வந்தான் தரகன். அவன் மீது காடியின் புளித்த வாடை வீசிற்று. அவன் கையையும் உமையாண்டாள் கையையும் ஒரு துண்டு மூடியது.

பிடிக்கும் விரல்களின் எண்ணிக்கைதான் அங்கே விலை. பத்து என்றால் ஐந்து விரலையும் சேர்த்து இருமுறை அழுத்த வேண்டும். கிழவனோ அவள் சுண்டுவிரலை மட்டும் பிடித்து முறுக்கினான்!

உமையாண்டாள் திடுக்கிட்டாள். தொழில் தெரிந்த எவனும் செய்யாத தவறு அது. உலகில் ஒரே ஒருவன்தான் செய்வான். தந்தையின் முத்துக் கிடங்கில் அவனுக்கு இருபது முறை சொல்லிக் கொடுத்திருக்கிறாள். இருபது முறையும் பத்துக்குச் சுண்டுவிரலையே முறுக்கினான். அவன் அங்கே படிக்க வந்தது பேரம் அல்ல என்பது வேறு விஷயம்!

அடுத்த கணம் காடியில் நனைத்த ஓர் ஈரத்துணி அவள் உள்ளங்கையில் திணிக்கப்பட்டது.

"பத்து அநியாய விலை," என்றாள் உமையாண்டாள், குரல் நடுங்காமல். "ஆனாலும் சம்மதம்."

மழவராயன் திறவுகோலுக்காகக் கை நீட்டினான். அதே நொடியில் கிழவனின் கூன் நிமிர்ந்தது. தொட்டியிலிருந்த குடுவை பறந்து போய் நெருப்புச்சட்டியில் விழுந்தது.

"உமையாள், மூக்கைக் கட்டு!"

இடி போன்ற ஓசையுடன் நீலப்படலம் எழுந்தது. காடித்துணிக்குள் இரண்டு முறை மூச்சு விட்டதும், அதன் புளிப்பு ஆவியை முறிக்க, அவள் பார்வை தெளிந்தது. 'இளவரசன்' நின்ற இடத்தில் அம்மைத் தழும்பு முகத்தோடு எவனோ ஒருவன் நின்று, யாரோ தாலாட்டுவதுபோல் ஆடிக்கொண்டிருந்தான். மழவராயன் வாளை உருவினான். மின்னல் வேகத்தில் உருவுவதாகத்தான் அவன் நினைத்திருப்பான். அந்த வாள் உறையை விட்டு முழுதாக வெளிவருமுன் இருவரும், தேர் பார்க்கப் போகிறவர்கள்போல் சாவகாசமாக வீரர்களுக்கு நடுவே நடந்து சென்று, பரிசலேறி நடு ஆற்றை அடைந்துவிட்டார்கள்.

ஒட்டுத்தாடியைப் பிய்த்து நீரில் எறிந்தான் வழுதிநம்பி. மடியில் திறவுகோல் பத்திரமாக இருப்பதைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு, உமையாண்டாள் முதன்முறையாக மூச்சை முழுதாக விட்டாள். பிறகு அழுதாள், அழுகை முடியுமுன்பே சீறினாள்.

"ஓர் ஓலை நறுக்கு அனுப்பியிருக்கக் கூடாதா? செத்தீரோ பிழைத்தீரோ என்று நாங்கள் துடித்தோமே!"

"ஆற்றில் என் மோதிரத்தைப் பறிகொடுத்தேன், அது மழவராயன் கையில் சிக்க, அதை வைத்துப் போலியைச் செய்துவிட்டான். குடுவையை ஒழிக்கத்தான் தரகனாக நுழைந்தேன். முதல் நாள் அதன் காவலுக்கும் என்னையே உட்கார்த்தினார்கள், அப்போது கொஞ்சம் ஆவி ஏறிவிட்டது. அதற்குப் பிறகுதான் காடித்துணி. போகட்டும் உமையாள், ஒன்பது நாள் பிரிவுக்கா இத்தனை கண்ணீர்?"

"எத்தனை நாள்?"

"ஒன்பது. ஏன்?"

உமையாண்டாள் அவனை உற்றுப் பார்த்தாள். அவன் விளையாடவில்லை. அவன் கையை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டு, நிலவு தளும்பிய ஆற்றின் நடுவே கலகலவென்று சிரித்தாள்.

"தொண்ணூற்று மூன்று நாள், இளவரசே! நான் ஒவ்வொன்றாக எண்ணியிருக்கிறேன். நீர் சொல்லும் ஒன்பதைக் கழித்துவிடுகிறேன். பாக்கி எண்பத்து நான்கு நாள் உம் பெயரில் நிற்கிறது."